திருப்பித் தர வேண்டிய சேலை

என் அம்மா கொளஞ்சியம்மாளை வெள்ளிமலையில் ஒரு நடிகையின் காலில் ஆறு முறை விழ வைத்தார்கள். ஏழாவது முறை நடந்தது டிவியில் வரவில்லை. அதனால் நான் எழுதுகிறேன்.

அதற்கு முன்பும் அம்மா ஒரு முறை விழுந்திருக்கிறாள். அது என்னால்.

நான் ஒன்பதாவது படிக்கும்போது பள்ளிக்கூடத்துக்கு ஒரு ரைஸ் மில் முதலாளி இலவச நோட்டு கொடுக்க வந்தார். ஆளுக்கு ஆறு நோட்டு. ஒவ்வொரு அட்டையிலும் அவர் படம், கைகூப்பிக்கொண்டு. மேடையேறி நன்றி சொல்ல என்னைப் பிடித்தார்கள். என் கையெழுத்து நன்றாக இருக்குமாம். கையெழுத்துக்கும் வாய்க்கும் என்ன சம்பந்தம் என்று யாரும் யோசிக்கவில்லை. 'வள்ளலே, உங்கள் பொற்பாதங்களுக்கு' என்று தொடங்கும் பதினோரு வரி. எல்லாம் மனப்பாடம். மைக் முன்னால் நின்றதும் ஒரு எழுத்துகூட வெளியே வரவில்லை. அவர் சிரித்துக்கொண்டே காத்திருந்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு வாட்சைப் பார்த்தார்.

மறுநாள் அம்மாவைக் கூப்பிட்டு, மில்லுக்கே போய் மன்னிப்புக் கேட்கச் சொன்னார்கள். கரும்பு வெட்டப் போக வேண்டியவள் என்னையும் இழுத்துக்கொண்டு போனாள். மூட்டைகளுக்கு நடுவில் அவர் காலில் விழுந்தாள். "ஊமப் பொண்ணுங்க, மன்னிச்சிடுங்க" என்றாள். நான் ஊமை இல்லை என்று அவளுக்குத் தெரியும். எனக்கும் தெரியும். அங்கேயும் நான் வாயைத் திறக்கவில்லை.

அதோடு பள்ளிக்கூடம் போவதை நிறுத்திவிட்டேன். அந்த ஆறு நோட்டுகள் மட்டும் இருக்கின்றன. அரிசி டின்னுக்குப் பின்னால் வைத்திருக்கிறேன். ஐந்தை நிரப்பியாயிற்று. இது ஆறாவது. அட்டையை நான் பார்ப்பதில்லை. சட்டென்று திறந்து உள்ளே போய்விடுவேன்.

போன தை மாதம் தியாகதுருகம் ரோட்டில் ஒரு பெரிய பங்களாவை வாடகைக்கு எடுத்து 'வடிவாம்பிகை இல்லம்' என்று சீரியல் எடுக்க வந்தார்கள். அம்மாவுக்குப் பாத்திரம் துலக்கும் வேலை. எனக்கு வெங்காயம் உரிக்கிற, டீ கொண்டுபோய்க் கொடுக்கிற வேலை. மேனேஜர் பழனி கள்ளக்குறிச்சிக்காரர். டைரக்டர் பகலவன் சென்னையிலிருந்து வந்தவர். அவருடைய உதவியாளர் ஷாலினி அக்கா புதுச்சேரியில் பிரெஞ்சு படித்தவர். சீரியலின் கதை ஒரு பிரெஞ்சு நாவல். அதைத் தமிழில் எழுதிக் கொடுத்ததே ஷாலினி அக்காதான்.

எனக்கு அது எப்படித் தெரியும் என்றால், அந்தத் தாள்கள் எல்லாம் சமையல் கட்டுக்குத்தான் வந்தன. பஜ்ஜியில் எண்ணெய் ஒற்ற. நான் ஒற்றாமல் எடுத்து வைத்துக்கொண்டேன். எண் பார்த்து அடுக்கினேன். மூன்று மதியத்தில் படித்து முடித்தேன்.

பிரான்சில் ஒரு சின்ன ஊர். அங்கே பணக்காரக் குடும்பங்கள் வீட்டுக்கு ஒரு ஏழையை வைத்திருக்கின்றன. அவரவர் ஏழை அவரவருக்கு. ஒருத்தர் ஏழைக்கு இன்னொருத்தர் ரொட்டி கொடுத்தால் சண்டை வரும். "எங்கள் ஏழை அழும்போது மூக்கைச் சிந்தமாட்டாள்" என்று ஒரு அம்மாள் பெருமை பேசுகிறாள். வருஷத்துக்கு ஒரு நாள், நல்ல குளிர்காலத்தில், விருந்து வைத்து ஏழைகளுக்குக் கம்பளிக் கோட்டு போடுகிறார்கள். எல்லாரும் கைதட்டுகிறார்கள். விருந்து முடிந்ததும் கோட்டைத் திருப்பி வாங்கிப் பெட்டியில் வைத்துவிடுகிறார்கள். அடுத்த வருஷமும் கொடுக்க வேண்டும் அல்லவா? ஒரு வருஷம் ஒரு துணி வெளுக்கிற பெண் கோட்டைக் கழற்றாமல் வீட்டுக்குப் போய்விடுகிறாள். ஊரே கூடுகிறது. நீதிபதி வருகிறார், சாமியார் வருகிறார். ஏழைகளுக்கு மற்ற நாட்களில் குளிராது என்று டாக்டர் சர்டிபிகேட் கொடுக்கிறார். அந்தப் பெண்ணுக்குப் புத்தகம் முழுக்கப் பெயரே இல்லை. 'இன்னார் வீட்டு ஏழை' என்றுதான் வருகிறது.

டாக்டர் வருகிற இடத்தில் நான் சத்தம் போட்டுச் சிரித்துவிட்டேன். அம்மா கரி படிந்த கையோடு வந்து, "இன்னாடி, வெங்காயம் உரிச்சா அழுவாங்க, நீ சிரிச்சிக்கினு கீற?" என்றாள். அன்று சாயங்காலமே எனக்குச் சிரிப்பு போய்விட்டது. டீ எடுத்துக்கொண்டு போனபோது அவர்கள் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"சார், கதையே அந்தக் கோட்டைத் திருப்பி வாங்கறதுதான் சார். அதைத் தூக்கிட்டா ஒண்ணுமே இல்ல" என்றார் ஷாலினி அக்கா.

"ஷாலினி, ஏழரை மணிக்கு ஜனங்க சோத்துத் தட்டோட உக்காந்து பாக்கறாங்க. குடுக்கறவன் கெட்டவன்னு சொன்னா சேனலை மாத்திட்டுப் போயிடுவாங்க. வடிவாம்பிகை நல்லவ. சேலை குடுக்கறா. ஏழை அழுது கால்ல விழறா. பி.ஜி.எம். அவ்ளோதான்."

"அப்ப எதுக்கு சார் பிரெஞ்சு நாவலை வாங்கினோம்?"

"விளம்பரத்துல போடத்தான்" என்றார் பகலவன். என்னைப் பார்த்து, "பாப்பா, சக்கரை கம்மி" என்றார்.

இந்தப் புத்தகத்தை எழுதியவர் எந்த ஊர்க்காரரோ, எப்போது செத்தாரோ. அவர் யாரைக் கேலி செய்தாரோ அவர்களுக்கே அதைப் பூஜை போட்டுக் கொடுத்துவிட்டார்கள். அவருக்காக எனக்குக் கோபம் வந்தது. அதே கதை எனக்கும் அம்மாவுக்கும் நடக்கப்போகிறது என்று அப்போது தெரியாது.

ஒன்று சொல்ல வேண்டும். சீரியலில் யாரும் வசனத்தை மனப்பாடம் செய்வதில்லை. கேமராவுக்குக் கீழே ஒருவர் தாளோடு உட்கார்ந்து வரி வரியாகச் சொல்வார். நடிக்கிறவர்கள் காதில் வாங்கி அப்படியே திருப்பிச் சொல்வார்கள். குரலைப் பிறகு சென்னையில் வேறு யாராவது கொடுப்பார்கள். இதற்கு ப்ராம்ப்டிங் என்று பெயர். ஷாலினி அக்காதான் சொல்வார். வடிவாம்பிகையாக நடித்த மலர்விழி மேடம் பெங்களூர்க்காரர். மலர்விழி என்பதே சேனல் வைத்த பெயர். தமிழ் பாதி புரியும், எழுத்து தெரியாது. ஒரு நாள் நடுவில் ஷாலினி அக்கா என் பக்கம் திரும்பி "அய்யோ, டீ ஆறுது" என்று சொல்லிவிட்டார். மலர்விழி மேடம் கண்ணில் நீர் ததும்ப, தூக்கில் தொங்கப்போகிற மகனைப் பார்த்து, "அய்யோ, டீ ஆறுது" என்றார். டைரக்டர் ஓகே சொல்லிவிட்டார். அவர் மானிட்டரில் கண்ணீரை மட்டும்தான் பார்ப்பார்.

சேலை கொடுக்கிற காட்சியைக் கல்வராயன்மலை மேலே, வெள்ளிமலைப் பக்கம் ஒரு மைதானத்தில் வைத்தார்கள். ஏழைகள் நாற்பது பேர் வேண்டும் என்று பழனி அம்மாவிடம் சொன்னார். "எல்லாருக்கும் புடவ குடுக்கறாங்க. உங்க தெருவுல சொல்லிடு. நல்ல புடவையா கட்டிக்கினு வரக் கூடாது, கிழிஞ்சதா இருக்கட்டும்." அம்மாவுக்குக் கை நிறைய வேலை இருந்தது. நான்தான் வீடு வீடாகப் போனேன். யார் வீட்டு வாசலிலும் நின்று பேசாத நான், நாற்பது வாசலில் நின்று, "புடவ குடுக்கறாங்க" என்றேன். அவர்கள் வந்தது என் வார்த்தையை நம்பி. கிழிந்த புடவை இல்லாதவர்கள் இருந்ததைக் கிழித்துக்கொண்டு வந்தார்கள். பக்கத்து வீட்டுக் குஞ்சம்மாள் முந்தானையில் ஒரு சாண் கிழித்துக் காட்டி, "போதுமாடி, இன்னுங் கொஞ்சம் கிழிக்கணுமா?" என்று கேட்டாள்.

மேலே ஏறும்போதே பனி. மரவள்ளிக் காடெல்லாம் தெரியவில்லை. ஷாலினி அக்காவுக்குக் காலையிலேயே தொண்டை கட்டிக்கொண்டது. காற்றுதான் வந்தது. பகலவன் மைதானத்தில் நின்று கத்தினார். "தமிழ் தடுக்காம படிக்கறவங்க யாராவது இருக்கீங்களா?" ஷாலினி அக்கா என்னைப் பிடித்து முன்னால் தள்ளினார்.

"சார், அது ஊமை சார்" என்றார் பழனி.

அவர்கள் என் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. தாளைக் கையில் திணித்தார்கள். கேமரா ஸ்டாண்டின் கால்களுக்கு நடுவில் உட்கார்ந்தேன். யாரும் என்னைப் பார்க்கவில்லை. மைக் இல்லை, மேடை இல்லை. தாளைப் பார்த்துப் படித்தேன். குரல் வந்தது. எனக்கே ஆச்சரியமாக இருந்தது. பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்த அம்மா எழுந்து நின்று பார்த்தாள்.

சேலை வாங்கிக் காலில் விழ முதலில் குஞ்சம்மாளைத்தான் நிறுத்தினார்கள். அவளுக்குச் சிரிப்பு அடங்கவில்லை. "இவ வேணாம்" என்றார் பகலவன். சுற்றிப் பார்த்தார். "அந்தப் பாத்திரம் கழுவறம்மா முகத்தைப் பாருங்க. வறுமை அப்படியே ஒட்டியிருக்கு. கூப்பிடுங்க."

அம்மாவின் கையை யாரோ துடைத்துவிட்டார்கள். பிறகு, கரி இருந்தால்தான் நன்றாக இருக்கும் என்று மறுபடி பூசினார்கள்.

முதல் முறை விழுந்தபோது டிரோன் நிழல் விழுந்துவிட்டது. இரண்டாம் முறை மலர்விழி மேடத்தின் வளையல் மாறியிருந்தது. மூன்றாவது, அம்மா சீக்கிரம் எழுந்துவிட்டாள். நான்காவது, பனி. ஐந்தாவது எதற்கு என்று சொல்லவில்லை. ஒவ்வொரு முறையும் காஸ்ட்யூம்காரர் ஓடிவந்து அம்மா கையிலிருந்து மஞ்சள் சேலையை வாங்கி, மடிப்பு நீவி, மலர்விழி மேடத்தின் கையில் வைப்பார். அம்மா முழங்காலில் கரும்புக் கட்டை குத்திய பழைய காயம் உண்டு. ஆறாவது முறை எழும்போது தரையில் கை ஊன்றி எழுந்தாள். நான் ஒவ்வொரு முறையும் தாளைப் பார்த்து, "இந்தச் சேலை உனக்குத்தான் தாயி, மானத்தோட கட்டிக்க" என்று படித்துக்கொண்டிருந்தேன். என் குரலில்தான் என் அம்மா விழுந்துகொண்டிருந்தாள்.

சாப்பாட்டு நேரத்தில் அம்மா பழனியிடம் கேட்டாள். "புடவய இப்பவே எடுத்துக்கலாங்களா, போறப்ப குடுப்பீங்களா?"

பழனி வாய்விட்டுச் சிரித்தார். "யம்மா, அது காஸ்ட்யூம். ஷூட்டிங் முடிஞ்சதும் எல்லாரும் எண்ணிக் குடுத்துட்டுத்தான் வண்டி ஏறணும். நிஜமாவே குடுப்பாங்கன்னு நெனச்சியா?"

நாற்பது பேரும் காட்சிக்காகக் கொடுத்த சேலையை மடித்துக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். யாரும் திட்டவில்லை. குஞ்சம்மாள் மட்டும் கிழிந்த முந்தானையை இழுத்து விட்டுக்கொண்டு, "உள்ளதும் போச்சே" என்றாள்.

நான் ஷாலினி அக்காவைப் பார்த்தேன். அவருக்குத் தெரியும். அந்தப் புத்தகத்தை எழுத்து எழுத்தாகத் தமிழில் எழுதியவர். கோட்டு, பெட்டி, டாக்டர், எல்லாம் தெரியும். அவர் குனிந்து தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டிருந்தார்.

மதியத்துக்குப் பிறகு ஏழாவது. இப்போது கிட்டத்தில், முகம் மட்டும். அம்மாவுக்கும் வசனம் உண்டு. 'நீங்கதான் எங்க குலசாமி' என்று சொல்லிவிட்டு விழ வேண்டும்.

"அந்தப் பொண்ணு என்ன சொல்லுதோ அதை அப்படியே சத்தமா சொல்லும்மா. மாத்தாத, கூட்டாத. காதுல விழறதை மட்டும் சொல்லு. புரியுதா?" என்றார் பகலவன்.

"புரியுதுங்க" என்றாள் அம்மா.

கேமரா ஓடியது. மலர்விழி மேடத்தின் கண்ணில் கிளிசரின் போட்டிருந்தார்கள். நான் தாளைக் கவிழ்த்து மடியில் வைத்தேன்.

"இந்தச் சேலை" என்றேன்.

"இந்தச் சேலை..." என்றார் மலர்விழி மேடம்.

"படம் எடுக்கிற வரைக்கும்தான்."

"படம் எடுக்கிற வரைக்கும்தான்..." குரல் தழுதழுத்தது.

"முடிஞ்சதும் திருப்பிக் குடுத்துடணும்."

"முடிஞ்சதும்... திருப்பிக் குடுத்துடணும் தாயி." தாயி அவரே சேர்த்தது.

"மத்த நாள்ல உனக்குக் குளிரக் கூடாது."

"மத்த நாள்ல உனக்கு... குளிரவே கூடாது!" ஒரு சொட்டு சரியாக இடது கன்னத்தில் இறங்கியது. பகலவன் மானிட்டரைப் பார்த்தபடி, "அய்யோ, பிரமாதம்" என்று முணுமுணுத்தார். பக்கத்தில் ஷாலினி அக்கா என் தோளைப் பிடித்தார். அழுத்தவுமில்லை, எடுக்கவுமில்லை.

அடுத்தது அம்மா. சேலையைக் கையில் வாங்கிக்கொண்டு என் குரலுக்காகக் காத்திருந்தாள். 'கழற்றமாட்டேன்' என்று துணி வெளுக்கிற பெண் சொல்கிற வரி எனக்கு நன்றாகத் தெரியும். வாயைத் திறந்தேன். வரவில்லை. மைக் முன்னால் நின்ற அதே வாய். அம்மா கொஞ்சம் பொறுத்தாள். சொல்வதற்கு எதுவும் வராததால், விழுவதுதான் அடுத்த வேலை என்று நினைத்து முழங்காலை மடக்க ஆரம்பித்தாள். காயம் பட்ட கால் முதலில் நடுங்கியது.

"வேணாம்மா" என்றேன். "விழாத."

அம்மா, கரும்புத் தோட்டத்தில் அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடிக்குக் கூப்பிடுகிற குரலில், மலர்விழி மேடத்தின் முகத்தைப் பார்த்துச் சொன்னாள். "வேணாம்மா! விழாத!"

குஞ்சம்மாள்தான் முதலில் சிரித்தாள். அப்புறம் நாற்பது பேரும். அம்மா பாதி மடங்கிய காலோடு அப்படியே நின்றாள். தான் சொன்னது இப்போதுதான் அவள் காதிலேயே விழுந்தது போல இருந்தது. கேமராவுக்குக் கீழே என்னைப் பார்த்தாள். பிறகு நிமிர்ந்தாள்.

"கட்! கட்! என்ன சொல்லுது அந்தம்மா?" பகலவன் ஓடிவந்தார்.

"நீங்கதான சொன்னீங்க சாரு, காதுல விழறத அப்படியே சொல்லுன்னு" என்றாள் அம்மா. "எம்பொண்ணு சொன்னா. நானும் சொன்னேன்."

"இது உன் பொண்ணா?" பகலவன் என் மடியில் கிடந்த தாளைப் பிடுங்கினார். "ஷாலினி! இது என்ன படிச்சிது? இதெல்லாம் நீ எழுதினதா?" ஷாலினி அக்கா பேசவில்லை. தொண்டை கட்டியிருந்தது, சரி. தலையாட்டத் தொண்டை வேண்டாம். ஆட்டவில்லை.

"ஊமைன்னு சொன்னாங்களேய்யா!" என்று பகலவன் பழனியைப் பார்த்துக் கத்தினார்.

"யாரு சொன்னது?" என்றாள் அம்மா. "எம்பொண்ண ஊமைன்னு யாரு சொன்னது?"

அவள்தான் சொன்னது. மூன்று வருஷத்துக்கு முன்னால், மூட்டைகளுக்கு நடுவில்.

காஸ்ட்யூம்காரர் வழக்கம்போல் ஓடிவந்து சேலைக்குக் கை நீட்டினார். அம்மா அதை உதறி, கரி படிந்த தன் புடவைக்கு மேலேயே போர்த்திக்கொண்டாள். "தமிழ்மொழி, வாடி" என்று என்னைக் கூப்பிட்டுக்கொண்டு ரோட்டைப் பார்த்து நடந்தாள். மற்றவர்களும் எழுந்தார்கள்.

"யம்மா, புடவ! புடவயக் குடுத்துட்டுப் போங்க!" பழனி குறுக்கே வந்து கையை விரித்தார்.

"இன்னாயா அவசரம்?" என்றாள் குஞ்சம்மாள். "படம் எடுக்கற வரைக்கும் எங்களுதுன்னு அந்தம்மாவே அழுதுக்கினு சொன்னாங்க. படம் இன்னும் முடியலியே. முடிச்சிட்டு வா, குடுக்கறோம்."

மலர்விழி மேடம் நாற்காலியில் உட்கார்ந்து யாரிடமோ, நான் என்ன சொன்னேன், நான் என்ன சொன்னேன் என்று கேட்டுக்கொண்டிருந்தார். எங்களுக்குக் கள்ளக்குறிச்சி பஸ் கிடைத்தது.

எனக்கும் அம்மாவுக்கும் வேலை போனது. அது தெரிந்ததுதான். அன்று ராத்திரிதான் அம்மாவுக்கு அந்தக் கோட்டுக் கதையைச் சொன்னேன். இரண்டு நாள் கழித்துப் பழனி நாலு பேரோடு தெருவுக்கு வந்து, திருட்டு கேஸ், போலீஸ் என்று கத்திப் பாதிப் பேரிடம் சேலையை வாங்கிக்கொண்டு போனார். எங்கள் வீட்டுக்கு வந்தபோது அம்மா அதைக் கட்டிக்கொண்டு வாசலில் நின்றாள். "அவுத்துக்கினு போ" என்றாள். அவர் போய்விட்டார்.

மாசி கடைசியில் அந்தக் காட்சி வந்தது. குஞ்சம்மாள் வீட்டில்தான் பெரிய டிவி. எல்லாரும் போனோம். அம்மா விழுந்தாள். இடது பக்கமிருந்து ஒரு முறை, வலது பக்கமிருந்து ஒரு முறை, மேலே டிரோனிலிருந்து ஒரு முறை, ஒவ்வொன்றுக்கும் இடி இடிக்கிற சத்தத்தோடு. அந்த ஆறும் அவர்களிடம் இருக்கிறது. அதை யாராலும் திருப்பி வாங்க முடியாது. நாளை மதியம் மறுஒளிபரப்பில் மறுபடி விழுவாள். போனில் யார் வேண்டுமானாலும் எப்போது வேண்டுமானாலும் விழ வைக்கலாம்.

பிறகு மலர்விழி மேடத்தின் முகம் கிட்டத்தில் வந்தது. அந்தக் கண்ணீரை வெட்டப் பகலவனுக்கு மனசு வரவில்லை. 'இந்தச் சேலை உனக்குத்தான் தாயி, மானத்தோட கட்டிக்க' என்று யாரோ ஒருத்தியின் தேன் குரல் சொல்லி முடித்துவிட்டது. வாய் மட்டும் அசைந்துகொண்டே இருந்தது.

"இன்னாடி இது, வாய் வேற இன்னாவோ பேசிக்கினு கீது?" என்றாள் குஞ்சம்மாள். பிறகு நினைவு வந்து, "குளிரக் கூடாது!" என்று கத்தினாள். தெருவே சிரித்தது. அம்மா சிரிக்கவில்லை.

கடைசியில் பெயர்கள் ஓடின. பகலவன். ஷாலினி. மலர்விழி. சேலை கொடுத்த கடை. மதியச் சாப்பாடு கொடுத்த ஓட்டல். அம்மா கண்ணை எடுக்காமல் பார்த்தாள். அவளுக்குத் தன் பெயரை மட்டும் படிக்கத் தெரியும்.

வீட்டுக்கு வந்ததும் கேட்டாள். "அந்தப் பொஸ்தகத்துல கோட்ட எடுத்துக்கினு போனாளே ஒருத்தி, அவ பேரு இன்னா?"

"பேரு போடல."

"எனுக்கும் போடல" என்றாள். பிறகு அடுப்பைப் பற்ற வைக்கப் போனாள்.

நான் அரிசி டின்னுக்குப் பின்னால் கைவிட்டு இந்த நோட்டை எடுத்தேன். திறப்பதற்கு முன் முதல் தடவையாக அட்டையைப் பார்த்தேன். கூப்பிய கை, மீசை, சிரிப்பு. பேனாவை அழுத்திப் பிடித்து, நெற்றியில் தொடங்கி, கண், மூக்கு, வாய் எல்லாவற்றின் மேலும் பெரிய எழுத்தில் எழுதினேன்: கொளஞ்சியம்மாள்.

பிறகு அவளுக்குக் காட்டினேன். அவள் எழுத்துக் கூட்டிப் படித்தாள்.